ஊதாத் தண்ணீருக்குக் காத்திருந்தது

அன்றைக்குத் தரைப்பாலத்தில் நின்றவர்கள். நான், கழுத்தில் கேமராவோடு. பவர்டேபிள் மெஷினில் பனியன் தைக்கிற டைலர் ஒருவர், கோவில்பட்டிப் பக்கத்துக்காரர், முப்பது வயதுக்குள் இருக்கும். அவருடைய மாமனார், ராத்திரி பஸ் ஏறி விடியக்காலம் வந்து இறங்கியவர், வெள்ளை வேட்டி, தோளில் வெள்ளைத் துண்டு. பாலத்து முக்கில் டீக்கடை போட்டிருக்கிற அக்கா, காலி டம்ளர் வாங்க வந்தவர். தண்ணீருக்குள் ஒரு கொக்கு.

எல்லாரும் தண்ணீரைத்தான் பார்த்துக்கொண்டு நின்றோம். தண்ணீர் கறுப்பும் சாம்பலுமாகப் போனது.

பெரியவர் மடியை அவிழ்த்து ஒரு போட்டோவை எடுத்தார். அதில் இதே பாலம். இதே தென்னை மரங்கள். நடுவில் மருமகன் நிற்கிறார். பின்னால் ஆறு நல்ல ஊதாக் கலரில் ஓடுகிறது. பெரியவர் போட்டோவைப் பார்த்தார். ஆற்றைப் பார்த்தார். மறுபடியும் போட்டோவைப் பார்த்தார்.

“எங்கய்யா ஊதா?”

அந்தப் போட்டோ நான் எடுத்தது. அதனால் விஷயத்தை நானே சொல்கிறேன்.

திருப்பூரில் மண்ணரையில் ஸ்டுடியோ வைத்திருந்தேன். ஒரே ரூம். பின்சுவரில் ஒரு ஸ்கிரீன், மாடிப்படியும் பூந்தொட்டியும் வரைந்தது. கம்பெனி கார்டுக்குப் பாஸ்போர்ட் சைஸ் எடுப்பதுதான் தினப்படி வேலை. ஞாயிற்றுக்கிழமை மட்டும் ஆட்கள் தலைக்குக் குளித்து, புதுச் சட்டை போட்டு வருவார்கள். ஊருக்கு அனுப்ப முழு சைஸ் வேண்டும். “வெளியில எங்கியாச்சும் எடுங்கண்ணா” என்பார்கள். வெளியில் எங்கே எடுப்பது? எந்தப் பக்கம் திரும்பினாலும் காம்பவுண்டு சுவர், இரும்பு கேட்டு, லைன் வீடு, வேஸ்ட் துணி மூட்டை. வானம் முழுசாகத் தெரிகிற இடம் எனக்குத் தெரிந்து ஒன்றுதான் இருந்தது. நொய்யல் ஆற்றுக்கு மேலே போகிற அந்தத் தரைப்பாலம்.

கைப்பிடிச் சுவர் கிடையாது. கிழக்கே தென்னை. பாலத்தைத் தாண்டினதும் தண்ணீர் ஒரு முழம் கீழே விழும். விழுகிற இடத்தில் நுரை கட்டிக் கிடக்கும், சில நாள் இடுப்பு உயரத்துக்கு. காற்றடித்தால் பிய்ந்து பறக்கும். வெயில் ஏழு மணி வாக்கில் தென்னைக்கு மேலே வரும். அதுவரைக்கும் தண்ணீரில் எந்தக் கலர் வந்தாலும் கறுப்பாகத்தான் தெரியும். வெயில் ஏறிவிட்டால் பளபளவென்று கண் கூசும். நடுவில் கொஞ்ச நேரம் வெளிச்சம் தண்ணீருக்குள் இறங்கி நிற்கும். எடுத்தால் அப்போது எடுக்க வேண்டும்.

வாடை உண்டு. போட்டோவில் வாடை வராது. “மூச்சப் புடிச்சுக்குங்க” என்பேன். எடுத்ததும் “உட்ருங்க” என்பேன். அதனால் அங்கே எடுத்த போட்டோவில் எல்லாருமே நெஞ்சை நிமிர்த்தி நிற்பார்கள். பார்க்க நன்றாகத்தான் இருக்கும்.

ஆள் வந்தாலும் வராவிட்டாலும் கடை திறப்பதற்கு முன்னால் ஒருதரம் பாலத்துக்குப் போய்விடுவேன். இன்றைக்கு என்ன கலர் என்று பார்க்க வேண்டும். ஒருநாள் பச்சை. ஒருநாள் செங்கல் கலர். ஒருநாள் பேனா மை மாதிரி கருநீலம். சாயப்பட்டறைகளில் ராத்திரி விடுகிற தண்ணீர் விடியலில் பாலத்துக்கு வந்து சேரும். மத்தியானத்துக்குள் எல்லாம் ஒன்றோடொன்று கலந்து சாம்பலாகிவிடும். இது நல்லதில்லை என்று எனக்கும் தெரியும். ஆற்றுக்குக் கீழே காடு தோட்டம் வைத்திருக்கிற விவசாயிகள் கிணற்றை எட்டிப் பார்ப்பதையே விட்டுவிட்டார்கள். அவர்கள் வீட்டுக் கல்யாணத்துக்கும் நான்தான் போட்டோ எடுத்தேன். இருந்தாலும் எழுந்தவுடன் மனசு அதைத்தான் கேட்கும். இன்றைக்கு என்ன கலர்?

இதை யார் முடிவு பண்ணுகிறார்கள் என்று ரொம்ப நாளாக ஒரு யோசனை. பாஸ்போர்ட்டுக்குப் போட்டோ எடுக்க எக்ஸ்போர்ட் ஆபீஸ் பையன் ஒருத்தர் வந்தபோது கேட்டேன்.

“பையருதானுங்க, சரக்கு வாங்கற வெளிநாட்டுக்காரரு. வெரல் நீளத்துக்குத் துணிய வெட்டிக் கவர்ல போட்டு அனுப்புவாங்க. அச்சா அந்தக் கலரே வரணும்.”

“அந்த ஆளு நம்ம ஆத்தைப் பாத்திருக்காருங்களா?”

“திருப்பூரையே பாத்ததில்லீங்க.”

எங்கேயோ ஒருத்தர் கத்தரிக்கோலை எடுத்தால் இங்கே ஆறு மாறுகிறது. அதை அன்றைக்கு முழுக்க நினைத்துக்கொண்டிருந்தேன்.

டைலர் என்னிடம் வந்தது ஒரு ஞாயிற்றுக்கிழமை. ரெண்டாயிரத்து ஆறோ ஏழோ. அப்போதுதான் டிஜிட்டல் கேமரா வாங்கியிருந்தேன்.

“அண்ணாச்சி, ஸ்கிரீன் வேண்டாம். நெசமான எடம் வேணும்” என்றார்.

என்ன சங்கதி என்று கேட்டேன். மனைவி கல்யாணத்துக்கப்புறம் ஊரில் டைலரின் அம்மாவோடு இருந்து, தலைப்பிரசவத்துக்குத் தகப்பன் வீட்டுக்குப் போனவர். பிள்ளைக்கு எட்டு மாசம் ஆகிவிட்டது. மாமனார் திருப்பூருக்கு அனுப்பவில்லை. திருப்பூரிலிருந்து போன யாரோ அவர் காதில் ஓதிவிட்டார்கள். அங்கே வீடு கிடையாது, பத்துப் பேர் ஒரு ரூமில் கிடப்பார்கள், தண்ணீர் விஷம், அப்படி இப்படி. மாமனார் ஒரே வார்த்தையில் முடித்துவிட்டார். “நீங்க இருக்கிற எடத்தப் போட்டோ புடிச்சு அனுப்புங்க. பாத்துட்டுச் சொல்லுதேன்.”

வீட்டை எடுக்கலாமா என்றேன். அவர் ரூமில் அப்போது நாலு பேர் இருந்தார்கள். எடுக்க முடியாது என்றார். எனக்குப் பிடித்த இடம் ஒன்று இருக்கிறது, காலையில் வாருங்கள் என்றேன்.

மறுநாள் காலை அரை நாள் லீவு சொல்லிவிட்டு வந்தார். பாலத்தில் ஊதா. அதுவரைக்கும் நான் ஊதா பார்த்ததில்லை. கத்தரிப்பூ மாதிரி, கரையிலிருந்து கரை வரைக்கும் ஒரே கலர். நுரைகூட லேசாக ஊதா. டைலர் வாயைத் திறந்துகொண்டு நின்றார். அவரும் பார்த்ததில்லை. அவர் கம்பெனிக்குள் போகும்போது இருட்டு, வரும்போதும் இருட்டு. மூச்சைப் பிடிக்கச் சொன்னேன். எடுத்தேன். பிரிண்ட்டில் ஒரு புள்ளிகூட மாற்றவில்லை. இருந்தது இருந்தபடி.

பத்துப் பதினைந்து நாள் கழித்து டைலர் வந்தார். முகமே சரியில்லை.

“கெட்டுது அண்ணாச்சி.”

மாமனார் போட்டோவை எடுத்துக்கொண்டு அங்கேயிருக்கிற ஸ்டுடியோக்காரரிடம் போயிருக்கிறார். அந்த ஆள் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்த்துவிட்டு, உலகத்தில் எந்த ஆறு ஊதாவாக ஓடுகிறது, இது கம்ப்யூட்டரில் கலர் ஏற்றினது, ஆளை வெட்டி ஒட்டியிருக்கிறார்கள் என்று சொல்லிவிட்டார். அவரைக் குறை சொல்ல மாட்டேன். நான் அங்கே இருந்தாலும் அதையேதான் சொல்லியிருப்பேன்.

மாமனார் கடை போனிலிருந்து கூப்பிட்டுக் கேட்டாராம். “ஒட்டுன எடத்துலதான் குடியிருக்கீகளா மருமகனே?”

கடைசியில், தானே வருகிறேன் என்று சொல்லிவிட்டார். “அந்த எடம் இருந்துச்சுன்னா எம் மகளையும் பேரனையும் அனுப்புதேன். இல்லன்னா அதுக இங்கனயே இருந்துக்கிடட்டும்.”

அப்படித்தான் நாங்கள் பாலத்தில் நின்றது. அவர் வந்து இறங்கின நாள் ஞாயிறு.

“எங்கய்யா ஊதா?” என்று மறுபடியும் கேட்டார்.

டைலர் தண்ணீரைக் கை காட்டினார். “அது வரும் போகும் மாமா.”

“ஆத்துல தண்ணி வரும் போகும். கேட்டிருக்கேன். கலரு வரும் போகுமா?”

டீக்கடை அக்கா குறுக்கே வந்தார். “வருமுங்க. முந்தா நேத்து ரோஸு வந்துது. அதுக்கு முந்தி பச்சை. நீங்க ஞாயித்துக்கெழம பாத்து வந்துட்டீங்க. சனிக்கெழம சாயந்திரமே பட்டறையச் சாத்திருவாங்க. பட்டறைக்கு லீவுன்னா ஆத்துக்கும் லீவுங்க.”

பெரியவர் அக்காவை மேலும் கீழும் பார்த்தார். “நீ இவருக்கு என்ன வேணும் தாயி?”

“நான் ஒண்ணும் வேண்டாமுங்க. டீ விக்கறவ.”

நான் கேமராவின் பின்னால் இருக்கிற சின்னத் திரையில் அந்தப் படத்தைத் தேடி எடுத்துக் காட்டினேன். எடுத்த அன்றைக்கு விழுந்தது அப்படியே இருக்கிறது என்றேன்.

“இதுவும் கம்ப்யூட்டர்தானய்யா?”

என்ன சொல்வது? “ஒரு வகையில அப்படித்தானுங்க” என்றேன். டைலர் என்னை முறைத்தார். ஊதாவைப் பார்க்காமல் வீட்டுக்கு வர மாட்டேன் என்று பெரியவர் அன்றைக்கும் மறுநாளும் என் ஸ்டுடியோவிலேயே படுத்தார்.

திங்கட்கிழமை விடியுமுன்னே மூன்று பேரும் போனோம். கறுப்பு. வெயில் ஏறினது, அப்போதும் கறுப்பு. டீக்கடை அக்காதான் காரணம் சொன்னார். ஞாயிறு ராத்திரி பட்டறை திறக்கிற நேரத்திலிருந்து அந்தப் பக்கம் முழுக்கக் கரண்ட் இல்லை, ஏதோ பராமரிப்பு வேலை. டைலர் கம்பெனிக்கு லீவு சொல்லியிருந்தார். இன்னும் ஒரு நாள்தான் சொல்ல முடியும். பெரியவரும் ஆடுகளைப் பக்கத்து வீட்டில் விட்டுவிட்டு வந்தவர். செவ்வாய் ராத்திரி பஸ் ஏறியாக வேண்டும்.

மருமகன் போய்ப் படுத்துவிட்டார். பெரியவர் பாலத்தை விட்டு நகரவில்லை. ஒரு கல் மேல் உட்கார்ந்து ஆற்றையே பார்த்தார். பக்கத்தில் நானும் உட்கார்ந்தேன்.

“இது எங்கிருந்து வருது?”

“மேக்க, மலையிலிருந்துங்க.”

“மழையே இல்லையே. கோடையிலயும் ஓடுமா?”

“இது மழைத் தண்ணி இல்லீங்க. பட்டறைத் தண்ணி.”

“பட்டறைக்கு எங்கிருந்து தண்ணி?”

“லாரியில வருமுங்க. கெணத்துத் தண்ணி, போர்த் தண்ணி.”

பெரியவர் ஒரு கல்லை எடுத்துத் தண்ணீரில் போட்டார். பிறகு சொன்னார். “எங்க ஊரு ஆத்துல மணல்தான் கெடக்கு. தோண்டினா ஊறும். இங்க லாரியில கொண்டாந்து ஆத்துல விடுதாக.”

சிரிக்கிறாரா திட்டுகிறாரா என்று தெரியவில்லை. ஆனால் கண்ணை எடுக்கவில்லை. நான் முதன்முதலாக அங்கே போனபோது அப்படித்தான் உட்கார்ந்திருந்தேன்.

மத்தியானம் எனக்கு ஒரு யோசனை வந்தது. வந்திருக்கக் கூடாது. பாலத்துக்கு மேலே ஆற்றோரம் ஒரு சாயப்பட்டறை. நேராகப் போய் கேட்டில் வாட்ச்மேனைப் பார்த்தேன்.

“ஏனுங்க, நாளைக்கு என்ன கலர் ஓட்டறீங்க?”

“எதுக்குங்க?”

“ஆத்துல என்ன கலர் வருமுன்னு தெரியோணும். ஊதா வந்தா ரொம்ப நல்லது.”

அவர் என் கழுத்தில் தொங்கின கேமராவைப் பார்த்தார். “நீங்க எந்த ஆபீஸுங்க?”

“ஆபீஸ் இல்லீங்க. மண்ணரையில ஸ்டுடியோ.”

“நாங்க ஒரு சொட்டுகூட ஆத்துல உடறதில்லீங்க” என்று சொல்லி கேட்டைச் சாத்திவிட்டார். உள்ளே யாரையோ கூப்பிடுகிற சத்தம் கேட்டது.

திரும்பி வருகிற வழியில்தான் உறைத்தது. கேமராவோடு ஒருத்தன் வந்து ஆற்றுத் தண்ணீரைப் பற்றிக் கேட்டான் என்று பக்கத்துப் பட்டறைகளுக்கும் சொல்லிவிட்டால்? பயந்துகொண்டு நாளைக்கு எல்லாருமே நிறுத்திவிட்டால்? வருசக்கணக்காகக் கலர் கலராக ஓடின ஆறு, அந்த ஒரு நாள் மட்டும் ஓடாமல் போய்விட்டால்? டைலரிடம் சொல்லவில்லை. டீக்கடை அக்காவிடம் சொன்னேன்.

“நல்லா இருக்குதுங்க. திருடங்கிட்டப் போயி எப்ப வருவீங்கன்னு கேட்ட மாதிரி” என்றார்.

செவ்வாய்க்கிழமை. ஆறு மணிக்கே போய்விட்டோம். அக்கா பாய்லரை மூட்டிவிட்டு வந்து நின்றார். தண்ணீர் கறுப்பு. டைலர் பாலத்தின் ஒரு ஓரத்துக்கும் மறு ஓரத்துக்கும் நடந்துகொண்டே இருந்தார். பெரியவர் அதே கல் மேல். 

தென்னை ஓலைக்கு நடுவில் வெயில் வந்தது. முதலில் மாறினது நுரை. நடுவில் ஒரு இடம் லேசாக ரோஸ் ஆனது. வெயில் பட்டு அப்படித் தெரிகிறதோ என்று நான் கையால் மறைத்துப் பார்த்தேன். இல்லை, நுரைதான். அப்புறம் வடகரை ஓரமாக ஒரு பட்டை வந்தது. சிவப்பு. பாதி ஆறு சிவப்பு, பாதி ஆறு கறுப்பு, இரண்டும் கலக்காமல் ஒட்டி ஒட்டி வந்து பாலத்தில் மோதினது. எதற்காகக் கலக்காமல் வருகிறது என்று எனக்கு இன்றைக்கும் தெரியாது. கொக்கு சிவப்புப் பக்கம்தான் நின்றது.

பெரியவர் எழுந்தார். சரிவில் இறங்கினார். ஓரத்தில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, தோளில் கிடந்த துண்டின் ஒரு முனையைத் தண்ணீரில் முக்கினார். எடுத்துப் பிழிந்தார். வெயிலுக்கு நேராகத் தூக்கிப் பார்த்தார். மறுபடியும் முக்கினார். முனை வெளிறின சிவப்பாகிவிட்டது.

“ஊதா இல்ல மாமா, ஆனா...” என்று டைலர் ஆரம்பித்தார்.

“இருக்கட்டும் மருமகனே. செவப்பு ஓடுத ஆத்துல ஊதா ஓடாதா?”

டைலர் பாலத்து மேலேயே உட்கார்ந்துவிட்டார். அக்கா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்.

பெரியவர் மேலே ஏறி வந்து என்னைக் கூப்பிட்டார். “போட்டோக்காரரே, என்னையும் ஒண்ணு எடும். துண்டு தெரியணும். அந்த ஸ்டுடியோக்காரன் மூஞ்சியில காட்டணும்.”

நிற்கவைத்தேன். பழக்கத்தில் “மூச்சப் புடிச்சுக்குங்க” என்றேன்.

“மூணு நாளாப் புடிச்சிக்கிட்டுதானய்யா இருக்கேன்.”

எடுத்தேன். நல்ல படம். துண்டை இரண்டு கையாலும் விரித்துப் பிடித்திருந்தார்.

அதோடு முடிந்தது என்று நினைத்தேன். பெரியவர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு மெதுவாகக் கேட்டார்.

“சரி. பொய் இல்ல. அப்ப இதுல எதைக் குடிக்கிறீக?”

டைலர் எழுந்து நின்றார். “இது குடிக்கிறதில்ல மாமா.”

“இது இல்லன்னா எது?”

“நல்ல தண்ணி வாரத்துக்கு ஒருக்கா பைப்புல வருமுங்க” என்றார் அக்கா. “உப்புத் தண்ணி எந்நேரமும் வரும். அது பாத்திரம் கழுவ.”

“வீட்டக் காட்டுங்க மருமகனே.”

மனைவி வருவார் என்று டைலர் இதற்குள் ரூமை விட்டுத் தனியாக ஒரு லைன் வீடு பிடித்து வைத்திருந்தார். நானும் கூடப் போனேன். ஒரு ரூம், ஒரு சமையல்கட்டு. வெள்ளை அடித்திருந்தார். புது அடுப்பு, புது ஃபேன். தொட்டில் கட்ட உத்தரத்தில் கொக்கிகூட மாட்டியிருந்தார். பெரியவர் எல்லாவற்றையும் பார்த்து, ம் ம் என்று தலையாட்டிக்கொண்டே சமையல்கட்டுக்குள் போனார். அங்கேயே நின்றுவிட்டார்.

மூலையில் இரண்டு பிளாஸ்டிக் குடம். ஒன்று காலி.

“ரெண்டு குடமா?”

“நான் ஒருத்தன்தான மாமா. கம்பெனியில குடிச்சுக்கிடுவேன்.”

“வாரம் பூரா ரெண்டு குடத்தை வச்சா என் பிள்ளை குடும்பம் நடத்தும்? பொங்கணும். பச்சைப்பிள்ளைக்கு வெந்நி வைக்கணும். பாலு கலக்கணும்.”

 ஃபேன் யோசித்தவருக்குக் குடம் யோசனைக்கு வரவில்லை. வந்த நாளிலிருந்து தனி ஆள். கம்பெனித் தண்ணீர், டீக்கடைத் தண்ணீர். வாரத்தண்ணீர் பிடித்து வைப்பது என்றால் என்ன என்றே அவருக்குத் தெரியாது.

பக்கத்து வீட்டு அம்மா சத்தம் கேட்டு வந்தார். “இங்க வந்து பாருங்க சாமி” என்று பெரியவரைத் தன் வீட்டுக்குள் கூட்டிப் போனார். சுவரோரம் குடம் மேல் குடம். கட்டிலுக்குக் கீழே குடம். வாசலில் டிரம்மு. “திருப்பூர்ல குடித்தனம்னா கொடந்தானுங்க. பைப்பு வர்ற அன்னிக்கு எத்தன கொடம் இருக்குதோ அத்தனதான் அந்த வாரத்துத் தண்ணி.”

பெரியவர் ஒவ்வொரு குடத்தின் வாயிலும் விரலை வைத்துக்கொண்டே நடந்தார். 

ராத்திரி பஸ் ஏற்றிவிடப் போனோம். டைலர் ஜன்னலுக்குக் கீழே நின்று கேட்டார். “மாமா, அனுப்புவீகளா?”

“பாக்கலாம் மருமகனே.”

பஸ் போய்விட்டது.

அதற்கப்புறம் சத்தமே இல்லை. துண்டோடு எடுத்த போட்டோவைப் பிரிண்ட் போட்டுத் தபாலில் அனுப்பினேன். பதில் வரவில்லை. பொய் என்றே அவர் நம்பியிருந்தால் மருமகன் மேல் மட்டும்தான் கோபம். கொஞ்ச நாளில் தீர்ந்திருக்கும். நிசம் என்று தெரிந்ததால் ஊர் மேலேயே பயம் வந்துவிட்டதோ என்று நினைத்தேன். அந்த இடத்துக்குக் கூட்டிப் போனவன் நான். வேறு எங்காவது, ஒரு கோயில் வாசலில் எடுத்திருக்கலாம். ஆனால் அன்றைக்கு இருந்த ஊதாவை நினைத்தால், மறுபடியும் அங்கேதான் போயிருப்பேன் என்று தோன்றும்.

நான் தினமும் போனேன். டைலர் பாலத்துப் பக்கமே வரவில்லை. ஒருநாள் மறுபடி ஊதா வந்தது. அவரிடம் சொல்லவில்லை. எடுக்கவும் இல்லை. பார்த்துவிட்டுக் கடைக்கு வந்துவிட்டேன்.

ஒரு மாசத்துக்கு மேல் இருக்கும். காலையில் ஷட்டரைத் தூக்குகிறேன், டைலர் சைக்கிளில் வந்து நிற்கிறார். மூச்சு வாங்குகிறது.

“கேமராவ எடுங்க அண்ணாச்சி. பஸ் ஸ்டாண்டுக்கு.”

போய்ச் சேர்ந்தபோது பஸ் வந்திருந்தது. முதலில் அவர் மனைவி இறங்கினார். இடுப்பில் பிள்ளை. பிள்ளை தகப்பனைப் பார்த்து வீல் என்று கத்தினான். டைலர் அவனை வாங்கிக்கொண்டு ஆட்டினார், அவன் இன்னும் கத்தினான். அதை ஒரு படம் எடுத்தேன். மனைவி சிரித்துக்கொண்டு மேலே கையைக் காட்டினார்.

பஸ்ஸின் டாப்பில் பெரியவர் நின்றுகொண்டிருந்தார். கயிற்றை அவிழ்த்துக்கொண்டிருந்தார்.

“சீக்கிரம் எறக்குங்கய்யா. இது என்ன பஸ்ஸா, பாத்திரக்கடையா?” என்று கண்டக்டர் கத்தினார்.

“இரும்வே. டிக்கெட்டு போட்டுட்டேம்லா?”

நான் கேமராவைத் தோளில் மாட்டிக்கொண்டு ஏணிப்படியில் பாதி ஏறி நின்றேன். பெரியவர் ஒவ்வொன்றாகக் கொடுத்தார். பிளாஸ்டிக், சில்வர், ஒரு பித்தளை. எல்லாம் குடம்.

“எண்ணிக்கிடுங்க மருமகனே” என்றார் மேலேயிருந்து.

மருமகன் கையில் பிள்ளை. நான்தான் எண்ணினேன்.

பதினொன்று.